எண்பத்திரண்டு வயதுக் கதாநாயகி

ஒரு நாவலில் கிழவி ஒருத்தி தலையைக் காட்டினால், அவள் எதற்காக வந்திருக்கிறாள் என்பதைத் தேர்ந்த வாசகர் உடனே ஊகித்துவிடுவார். கதாநாயகனை ஆசீர்வதிக்க வந்திருப்பாள். அல்லது கதாநாயகியைப் படாதபாடு படுத்த வந்திருப்பாள். இரண்டும் இல்லையென்றால், அத்தியாயத்தின் கடைசிப் பக்கத்தில் கண்ணை மூடி எல்லோரையும் அழவைப்பதற்காக வந்திருப்பாள். அவளுக்கென்று ஒரு மனம் உண்டு, அவளும் காலையில் எழுந்து ஜன்னலைத் திறந்து, ‘இன்றைக்கு என்ன செய்யலாம்?’ என்று யோசிக்கக்கூடியவள் என்பது கதை எழுதுகிறவர்களுக்குச் சுலபத்தில் தோன்றுவதில்லை. கதையில் அவள் ஒரு தூண். மண்டபத்தைத் தாங்க வேண்டியது அவள் வேலை, உற்சவம் மற்றவர்களுக்கு.

சினிமா வந்த பிறகும் இந்த வழக்கம் மாறவில்லை. இன்னும் இறுகிப்போயிற்று என்றே சொல்ல வேண்டும். நாவலில் கிழவிக்குப் பத்துப் பக்கமாவது கிடைக்கும். படத்தில் சில நிமிஷங்கள்தான். அதற்குள் எழுபது வருஷ வாழ்க்கையை முகத்தில் கொண்டுவந்து காட்டிவிட்டு ஒதுங்கிக்கொள்ள வேண்டும். பிரான்ஸில் இந்தத் தொழிலை வெகுகாலம் செய்த நடிகை ஒருவர் இருந்தார். அவர் பெயர் ஸில்வி. அவ்வளவுதான் பெயர், முன்னும் ஒன்றும் இல்லை, பின்னும் ஒன்றும் இல்லை. படத்தின் பெயர்ப் பட்டியலில் நட்சத்திரங்களின் பெயர்களுக்குக் கீழே அந்த ஒற்றைச் சொல் வரும், போகும்.

1965-ஆம் வருஷம் ஜனவரி மாதத்தில் பாரிஸில் ஒரு படம் வெளியாயிற்று. அதில் பிரதான பாத்திரம் ஸில்விக்கு. அப்போது அவருக்கு வயது 82. இந்தச் செய்தியைக் கேட்டவுடன், ‘பொறுத்தார் பூமி ஆள்வார்’ என்று சொல்லி முடித்துவிடத் தோன்றும். ஆனால் அவருடைய தொழில் வாழ்க்கையை ஆதியிலிருந்து பார்த்துக்கொண்டு வந்தால், விஷயம் அத்தனை சுலபமாக முடிகிறதாகத் தெரியவில்லை.

ஸில்வியின் இயற்பெயர் லூயிஸ் மேங்கெனே. 1883-ஆம் ஆண்டு ஜனவரி 3-ஆம் தேதி பாரிஸில் பிறந்தார். அவர் பிறந்தபோது உலகத்தில் சினிமா என்ற பொருளே இல்லை. லூமியேர் சகோதரர்கள் பாரிஸில் கட்டணம் வாங்கிக்கொண்டு முதன்முதலாகப் படம் காட்டியது 1895 டிசம்பரில். அப்போது இந்தப் பெண்ணுக்குப் பன்னிரண்டு வயது. ஆகவே அவர் நடிகையானபோது நடிப்பு என்றால் நாடக மேடைதான். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பாரிஸ் மேடையில் பெயர் பெற்று, மேடைக்காரியாகவே அவர் சினிமாவுக்குள் நுழைந்தார்.

அந்த நுழைவு எப்படி நேர்ந்தது என்பதற்குப் பின்னால் ஒரு சிறு சரித்திரம் இருக்கிறது. ஆரம்பத்தில் சினிமா சந்தைக் கூடாரங்களில் காட்டப்படும் வேடிக்கையாக இருந்தது. படித்த நடுத்தரக் குடும்பத்தார் அந்தப் பக்கம் தலைகாட்டமாட்டார்கள். அவர்களை எப்படி உள்ளே இழுப்பது என்று பாத்தே கம்பெனியைச் சேர்ந்தவர்கள் யோசித்து, 1908-இல் தங்கள் ஆதரவில் எழுத்தாளர்களின் பெயரால் ஒரு படச் சங்கத்தை ஏற்படுத்தினார்கள். பெரிய நாவல்களையும் நாடகங்களையும் எடுத்துக்கொள்வது, மேடையில் பெயர் வாங்கியவர்களைக் கொண்டு நடிக்க வைப்பது: இதுதான் திட்டம். அல்பேர் கப்பெல்லானி என்ற டைரக்டர் அந்தச் சங்கத்தின் பிரதான ஸ்தம்பம். அவர் 1913-இல் எமிலி ஜோலாவின் ‘ழெர்மினால்’ நாவலைப் படமாக எடுத்தார். இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஓடும் ஊமைப்படம். அந்தக் காலத்துக்கு அது அசாத்தியமான நீளம்.

‘ழெர்மினால்’ நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளரின் கதை. பசி, வேலைநிறுத்தம், துப்பாக்கிச் சூடு என்று போய், கடைசியில் சுரங்கத்துக்குள் வெள்ளம் புகுகிறது. அந்த இருட்டில், தன்னை நேசிக்கும் எத்தியேனின் அணைப்பில் உயிரை விடுகிறாள் காத்ரீன் என்னும் பெண். படத்தில் அந்தக் காத்ரீன்தான் ஸில்வி. நாவலில் அவளுக்குப் பதினைந்து வயது. ஸில்விக்கு அப்போது முப்பது. ஊமைப்படக் காலத்தில் இதை யாரும் பெரிதாக நினைக்கவில்லை. முப்பது வயதில் பதினைந்தாக நடித்த இதே நடிகைக்கு, ஜோலா இன்னும் ஒரு பாத்திரத்தை நாற்பது வருஷங்கள் பத்திரமாக எடுத்து வைத்திருந்தார். அதற்குப் பிறகு வருகிறேன்.

‘ழெர்மினால்’ வந்து நல்ல பெயரும் வாங்கிற்று. ஆனால் அடுத்த வருஷமே முதல் மகாயுத்தம் வந்துவிட்டது. உலகச் சந்தையில் முதலிடத்தில் இருந்த பிரெஞ்சுப் படத் தொழில் யுத்தத்தில் நொடித்து, அந்த இடத்தை அமெரிக்காவுக்குக் கொடுத்துவிட்டது. கப்பெல்லானியும் அமெரிக்காவுக்குப் போனார். ஸில்விக்குத் திரும்பவும் மேடையே வாழ்க்கையாயிற்று. சினிமா அவரை மீண்டும் விடாப்பிடியாகத் தேடி வந்தது 1930-க்குப் பிறகு, பேசும் படம் வந்தபோது. ஊமைப்படத்துக்கு முகம் போதும். பேசும் படத்துக்கு வாயைத் திறந்தால் சொல் சொல்லாக விழ வேண்டும். அப்படிப் பேசத் தெரிந்தவர்கள் மேடையில்தான் இருந்தார்கள். ஸ்டூடியோக்காரர்கள் மேடையை நோக்கி ஓடினார்கள்.

ஆனால் காலம் சும்மா இருந்திருக்கவில்லை. ஸில்விக்கு ஐம்பது வயது ஆகியிருந்தது. ஐம்பது வயது நடிகரைப் பார்த்தால் டைரக்டர்களுக்கு வக்கீல், மந்திரி, குற்றவாளி, காதலன் என்று பத்து வேஷங்கள் ஞாபகம் வரும். ஐம்பது வயது நடிகையைப் பார்த்தால் ஒன்றுதான் ஞாபகம் வரும். காத்ரீனாக வெள்ளத்தில் முழுகிய பெண், திரையில் மறுபடி எழுந்து வந்தபோது மனைவியாகவும் தாயாகவும் அத்தையாகவும் எழுந்து வந்தார். 1935-இல் தாஸ்தாயெவ்ஸ்கியின் ‘குற்றமும் தண்டனையும்’ பிரான்ஸில் படமாயிற்று. அதில் குடிகாரன் மார்மெலதோவின் மனைவி காத்ரீன் இவானவ்னாவாக ஸில்வி வந்தார். பழைய கௌரவத்தைப் பிடித்துக்கொண்டு தரித்திரத்தில் பைத்தியமாகிப்போகும் அந்தப் பெண்ணை நாவல் படித்தவர்கள் மறக்க முடியாது.

1937-இல் ழூலியேன் துவிவியே என்ற டைரக்டர் எடுத்த ‘நடனக் குறிப்பேடு’ என்ற படத்தில் ஒரு சிறு வேஷம். விதவையான ஒரு சீமாட்டி, தன் பதினாறாம் வயதில் தன்னோடு நடனமாடிய வாலிபர்களை ஒவ்வொருவராகத் தேடிப் போகிறாள். அவர்களில் ஒருவன் இப்போது மார்ஸேல் துறைமுகத்தருகே ஓர் அழுக்கு மாடியில் சட்ட விரோத வைத்தியம் செய்யும் டாக்டர். அவனோடு வாழும் பெண்ணாக ஸில்வி வருகிறார். அந்தக் காட்சி முழுவதும் காமிரா சாய்ந்தபடியே இருக்கிறது. வெளியே பாரந்தூக்கியின் இரைச்சல் ஓய்வதில்லை. சீமாட்டிக்கு அது ஒரு மணி நேர விஜயம், போய்விடுவாள். அந்த அறையிலேயே இருந்து வாழ வேண்டியவள் ஸில்வி நடிக்கும் பெண். துணைப் பாத்திரம் என்பதன் பொருள் அந்தக் காட்சியில் தெரிகிறது. கதை வந்து போகிறது. துணைப் பாத்திரம் அங்கேயே இருக்கிறது.

துவிவியே 1939-இல் எடுத்த ‘பகலின் முடிவு’ என்ற படத்தை இந்த இடத்தில் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். வயதாகிப் போன ஏழை நடிகர்களுக்காக நடத்தப்படும் ஒரு விடுதியில் நடக்கும் கதை அது. பெண்களை மயக்கிய புகழிலேயே இன்னும் மிதக்கும் ஒருவர். திறமை இருந்தும் புகழ் வராத ஒருவர். இவர்களோடு கப்ரிஸாத் என்று ஒரு கிழவர். கப்ரிஸாத் வாழ்நாள் முழுவதும் பெரிய நடிகர் ஒருவருக்கு மாற்று நடிகராகவே இருந்தவர். அந்தப் பெரிய நடிகருக்கு ஒருநாள்கூட உடம்புக்கு வரவில்லை! ஆகவே கப்ரிஸாத் மேடை ஏறவே இல்லை. கடைசியில் விடுதியிலேயே ஒரு நாடகம் போடும்போது, அவர் குறுக்கு வழியில் பிரதான வேஷத்தைப் பிடுங்கிக்கொண்டு மேடைக்கு வருகிறார். வாயைத் திறக்கிறார், ஒரு சொல்லும் வரவில்லை. அந்த அவமானத்தில் இறந்துபோகிறார். மிஷேல் ஸிமோன் நடித்த அந்தப் பாத்திரத்தைப் பற்றிப் பேசாதவர்கள் இல்லை.

அதே விடுதியில் வாழும் பழைய நடிகைகளில் ஒருத்தியாக, துஸினி அம்மாள் என்ற வேஷத்தில் ஸில்வியும் இருந்தார். கப்ரிஸாத்தின் கதை சொல்லும் நீதி கடுமையானது: காத்திருத்தல் ஒரு தொழிலாகாது. மாற்று நடிகராக நாற்பது வருஷம் காத்திருந்தவருக்குச் சந்தர்ப்பம் வந்தபோது கையில் ஒன்றும் இல்லை, ஏனென்றால் அவர் நடித்தே இருக்கவில்லை. ஸில்வி காத்திருக்கவில்லை. வந்த மூன்று நிமிஷத்தையும் ஐந்து நிமிஷத்தையும் முழு வேலையாகச் செய்துகொண்டே போனார். இந்த வித்தியாசம் பின்னால் தெரிய வரும்.

1940 ஜூனில் ஜெர்மானியப் படைகள் பாரிஸுக்குள் நுழைந்தன. நாடு பறிபோன நான்கு ஆண்டுகளில் பிரான்ஸில் ஏறக்குறைய 220 முழு நீளப் படங்கள் எடுக்கப்பட்டன என்பது ஆச்சரியமான உண்மை. அவற்றில் 30 படங்களை எடுத்தது ‘காண்டினென்டல்’ என்ற கம்பெனி. பணம் ஜெர்மானியருடையது, வேலை செய்தவர்கள் பிரெஞ்சுக்காரர்கள். 1943-ஆம் வருஷத்தில் ஸில்வி நடித்து வந்த படங்களில் இரண்டு உலக சினிமாச் சரித்திரத்தில் நிலைத்துவிட்டன. ஒன்று பிற்காலத்தில் மேதை என்று போற்றப்பட்ட ரோபேர் ப்ரெஸ்ஸோனின் முதல் பெரிய படம், ‘பாவத்தின் தேவதைகள்’. மற்றொன்று ஆன்ரி ழார்ஜ் க்ளூஸோவின் ‘அண்டங்காக்கை’.

முதல் படம் ஒரு கன்னிமாடத்தில் நடக்கிறது. சிறையிலிருந்து வெளிவரும் பெண்களை ஏற்றுக்கொண்டு புது வாழ்வு கொடுக்கும் மடம் அது. ஆர்வம் மிகுந்த இளம் துறவி ஒருத்தி, உள்ளே கொலைப் பாவத்தை ஒளித்து வைத்திருக்கும் ஒருத்தியைத் திருத்தியே தீருவேன் என்று பிடிவாதம் பிடிக்கிறாள். அந்தப் பிடிவாதத்திலே கொஞ்சம் அகந்தையும் கலந்திருக்கிறது. மடத்தின் தலைவி அந்தப் பெண்ணிடம் அன்புள்ளவள். ஆனாலும் மடத்தின் விதியை முன்னிட்டு அவளை வெளியேற்ற வேண்டியவளும் அவளே. அந்தத் தலைவி, ஸில்வி.

இரண்டாவது படம் ஒரு சிறு ஊரைப் பற்றியது. ‘அண்டங்காக்கை’ என்று கையெழுத்திட்ட மொட்டைக் கடிதங்கள் ஊரெங்கும் வருகின்றன. ஒருவருக்கொருவர் சந்தேகம், ஊரே விஷமாகிறது. ஆஸ்பத்திரியில் படுத்திருக்கும் ஒரு வாலிபனுக்கும் ஒரு கடிதம் வருகிறது: உன் வியாதி புற்றுநோய், நீ பிழைக்கமாட்டாய் என்று. அவன் சவரக்கத்தியால் கழுத்தை அறுத்துக்கொண்டு செத்துப்போகிறான். அவனுடைய தாய்தான் ஸில்வி. படத்தில் அவள் வரும் நேரம் அதிகமில்லை. கடைசிக் காட்சியில், கடிதங்களை எழுதிய மனிதன் மேஜைமேல் சாய்ந்து கிடக்கிறான், கழுத்து அறுபட்டிருக்கிறது. டாக்டர் ஜன்னல் பக்கம் போய்ப் பார்க்கிறார். தெருவில் குழந்தைகள் விளையாடுகிறார்கள். அவர்களைக் கடந்து, கறுப்பு உடையும் கறுப்பு முக்காடுமாக ஒரு பெண் அவசரமில்லாமல் நடந்து போகிறாள். முகம்கூடத் தெரியவில்லை, முதுகுதான் தெரிகிறது. அந்த முதுகில் நீதி இருக்கிறதா, கொலை இருக்கிறதா என்று தீர்மானிக்க முடியாமல் படம் முடிகிறது.

ஒரே வருஷத்தில் கொலை செய்த தாய், கன்னிமாடத்துத் தலைவி. இரண்டுக்கும் தலையிலே துணி; இரண்டுக்கும் அடக்கம்; இரண்டிலும் பேச்சு குறைவு. ஆனால் ஒன்று மற்றொன்றாகத் துளியும் தோன்றவில்லை. நட்சத்திர நடிகைகளைப் பார்க்கப் போகிறவர்கள் அந்த நடிகையைப் பார்க்கப் போகிறார்கள். எந்த வேஷத்திலும் அவர் அவராகவே இருக்க வேண்டும் என்பது ஒப்பந்தம். துணை நடிகையிடம் அப்படி யாரும் ஒப்பந்தம் செய்துகொள்வதில்லை. அந்த அலட்சியத்தில் ஒரு சுதந்திரமும் ஒளிந்திருக்கிறது.

1944-இல் பாரிஸ் விடுதலை பெற்றதும் ‘அண்டங்காக்கை’ பெரிய ரகளையில் சிக்கிற்று. ஜெர்மானியர் பணத்தில் பிரெஞ்சுக்காரர்களைக் கேவலமாகக் காட்டினார் என்று டைரக்டர் க்ளூஸோவுக்கு முதலில் ஆயுள் தடை விதித்து, பின்பு அதை இரண்டு வருஷமாகக் குறைத்தார்கள். கதாநாயகன் பியேர் ஃப்ரெனே சில வாரம் சிறையில் இருந்தார். கதாநாயகி ழினெத் லெக்லேர் அதைவிட நீண்ட காலம். படத்தின் மேல் இருந்த தடை 1947-இல்தான் நீங்கிற்று. தாயாக நடித்த ஸில்வி வேலை செய்துகொண்டே போனார். கன்னிமாடத்துத் தலைவிக்குப் பிறகு அவருடைய வயதும் அறுபதைத் தாண்டிற்று.

யுத்தத்துக்குப் பிறகு அவருடைய திரை வாழ்வில் இத்தாலி வருகிறது. அதற்குக் காரணம் கலை அல்ல, கணக்கு. அமெரிக்கப் படங்களின் வெள்ளத்தைத் தனித்தனியே தாங்க முடியாத பிரான்ஸும் இத்தாலியும், பணத்தையும் சந்தையையும் பங்கு போட்டுக்கொண்டு கூட்டாகப் படம் எடுப்பதென்று 1949-இல் ஓர் ஒப்பந்தம் செய்துகொண்டன. கூட்டுப் படம் என்றால் இரண்டு நாட்டு நடிகர்களும் இருக்க வேண்டும். இத்தாலியக் கதையில் ஒரு பிரெஞ்சுக் கிழவி நுழைவதற்கு இப்படி வழி பிறந்தது. இத்தாலியில் படத்துக்குப் பின்னால் குரலைச் சேர்ப்பது வழக்கமாதலால், பேச்சுத் திறமைக்காகத் தேடப்பட்ட நடிகையின் முகம் மட்டும் போதுமென்று மறுபடியும் ஆயிற்று. ஊமைப்படத்தில் தொடங்கியவருக்கு இது புதிதல்ல.

1952-இல் வந்த ‘டான் கமில்லோவின் சின்ன உலகம்’ அப்படி ஒரு கூட்டுப் படம். சண்டைக்காரப் பாதிரியாருக்கும் கம்யூனிஸ்ட் மேயருக்கும் ஓயாத போட்டி. அந்த ஊரில் ஒரு வயதான உபாத்தியாயினி; மேயர் பெப்போனே முதல் பாதி ஊர் அவளிடம் எழுத்துக் கற்றது. அவள் சாகும்போது, தன் சவப்பெட்டியின்மேல் பழைய ராஜாங்கக் கொடியைப் போர்த்த வேண்டும் என்று கேட்கிறாள். இத்தாலி 1946-இல் குடியரசாகி, ராஜாவை அனுப்பிவிட்ட நாடு! கம்யூனிஸ்ட் மேயர் என்ன செய்வான்? தன் ஆசிரியையின் ஆசைப்படியே கொடியைப் போர்த்தி அவளை அனுப்பிவைக்கிறான். சிரிப்புப் படத்தின் நடுவே தொண்டை அடைக்கும் இடம் அது. ஸில்விதான் அந்த உபாத்தியாயினி.

அடுத்த வருஷம், ஜோலா எடுத்து வைத்திருந்த பாத்திரம் வந்து சேர்ந்தது. மார்ஸெல் கார்னே 1953-இல் ‘தெரேஸ் ராக்கேன்’ நாவலைப் படமாக எடுத்தார். நாவலில் கதை பாரிஸில் நடக்கிறது. படத்தில் லியோன் நகரத்தில், படம் எடுத்த காலத்திலேயே நடக்கிறது. தெரேஸாக ஸிமோன் ஸின்யோரே. நோஞ்சானான அவளுடைய கணவனை அவளுடைய காதலன் ஓடும் ரயிலிலிருந்து தள்ளிக் கொன்றுவிடுகிறான். கணவனின் தாய் ராக்கேன் அம்மாள், மகன் செத்த அதிர்ச்சியில் வாதத்தால் விழுந்துவிடுகிறாள். கை அசையாது, கால் அசையாது, வாய் பேசாது. அந்த நாற்காலியில் அவளை உட்கார வைத்துவிட்டு இளையவர்கள் வீட்டுக்குள் நடமாடுகிறார்கள். அவளிடம் மிச்சமிருப்பது கண்கள் மட்டும். அந்தக் கண்கள் எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருக்கின்றன.

ஸில்வி அந்தக் கண்களை வைத்துக்கொண்டு செய்திருப்பதைப் பார்த்தால், துணை நடிப்பு என்ற கலையின் சூத்திரம் முழுவதும் அதில் இருப்பது தெரியும். நகரக் கூடாது, பேசக் கூடாது, ஆனால் அறையில் உள்ள மற்றவர்கள் ஒரு கணமும் அவளை மறக்கவும் கூடாது. ஸின்யோரேயின் பயம் நமக்குப் புரிகிறதென்றால், எதிரே அந்தப் பார்வை இருப்பதால்தான் புரிகிறது. நாற்பது ஆண்டுகளுக்கு முன்பு ஜோலாவின் வெள்ளத்தில் செத்த இளம் பெண்ணும், ஜோலாவின் நாற்காலியில் கல்லாகச் சமைந்த கிழவியும் ஒரே நடிகை. வெனிஸ் விழாவில் அந்தப் படத்துக்கு வெள்ளிச் சிங்கம் பரிசு கிடைத்தது.

பிறகு 1954-இல் கிர்க் டக்ளஸ் நடித்த ‘யுலிஸஸ்’. அதில் ஸில்வி யூரிக்ளியா. வேஷம் மாறி வந்திருக்கும் எஜமானனைக் காலிலுள்ள தழும்பைக் கொண்டு கண்டுபிடித்து, கண்டுபிடித்ததை வாய்க்குள்ளேயே வைத்துக்கொள்ள வேண்டிய செவிலித்தாய் ஹோமரின் யூரிக்ளியா. 1956-இல் ழூல் வெர்னின் ‘மிகேல் ஸ்த்ரோகோஃப்’. அதில் தாய் மார்ஃபா. ரகசியக் காரியமாகப் போகும் மகனை அடையாளம் கண்டு அழைக்கிறாள். அவனோ, ‘நான் உன் மகனில்லை’ என்று சொல்லியே தீர வேண்டிய நிலை. இரண்டுமே அடையாளம் கண்டுகொள்ளும் பாத்திரங்கள். எல்லோரையும் அடையாளம் காண்கிறாள். அவளை அடையாளம் காண்பவர்தான் இல்லை. 1962-இல் வாலெரியோ ஸுர்லினியின் ‘குடும்ப நாட்குறிப்பு’ வந்தது. மாஸ்ட்ரோயானி நடித்த கதாநாயகனின் பாட்டி வேஷம் அதில். ஏழைகள் விடுதியில் தன் கடைசி நாட்களைக் கழிக்கும் பாட்டி. வெனிஸில் அந்த வருஷத்துத் தங்கச் சிங்கத்தைப் பங்கிட்டுக்கொண்ட இரண்டு படங்களில் அது ஒன்று.

எண்பது வயது நெருங்கும் நடிகைக்கு இதற்கு மேல் என்ன இருக்க முடியும் என்றுதான் யாரும் நினைத்திருப்பார்கள். அப்போது ரெனே அல்லியோ என்பவர் வந்தார். 1924-இல் மார்ஸேலில் பிறந்தவர், ஓவியர், நாடகங்களுக்குக் காட்சியமைப்புச் செய்தவர். தம்முடைய முதல் நீளப் படத்துக்கு அவர் எடுத்துக்கொண்டது ஜெர்மானிய எழுத்தாளர் பெர்டோல்ட் பிரெக்டின் சின்னஞ்சிறு கதை. 1949-இல் வெளிவந்த பிரெக்டின் கதைத் தொகுதியில் இருக்கிறது. பெயர், ‘கௌரவங்கெட்ட கிழவி’ என்று வைத்துக்கொள்ளலாம். எழுபத்திரண்டு வயதில் விதவையான ஒருத்தி, பிள்ளைகள் வீட்டுக்குப் போய்ப் பேரக்குழந்தைகளைப் பார்த்துக்கொண்டு இருக்காமல், தனியாக இருந்துகொண்டு சினிமாவுக்குப் போகிறாள், ஹோட்டலில் சாப்பிடுகிறாள், ஊரில் நல்ல பெயர் இல்லாத ஒரு செருப்புத் தைப்பவனோடு சிநேகம் வைத்துக்கொள்கிறாள். பிள்ளைகளுக்கு மானம் போகிறது. இவ்வளவுதான் கதை.

அல்லியோ கதையை ஜெர்மனியிலிருந்து தம்முடைய மார்ஸேலுக்குக் கொண்டுவந்தார். கதாநாயகியின் பெயர் பெர்த் பெர்த்தினி. கணவன் செத்ததும், அம்மாவை யார் வைத்துக்கொள்வது என்று பிள்ளைகள் யோசிக்கிறார்கள். அம்மா யாரிடமும் போவதாக இல்லை. வெளியே இறங்கி நடக்கத் தொடங்குகிறாள். பெரிய கடைகளில் ஒன்றும் வாங்காமல் வேடிக்கை பார்க்கிறாள். ஊரார் ஒரு மாதிரியாகப் பேசும் ரோஸலி என்ற இளம் பெண்ணோடு தோழமை கொள்கிறாள். அல்ஃபோன்ஸ் என்ற செருப்புத் தைப்பவனின் நண்பர் கூட்டத்தில் போய் உட்காருகிறாள். வீட்டுச் சாமான்களை ஒவ்வொன்றாக விற்கிறாள். ஒரு கார் வாங்கிப் புதுச் சிநேகிதர்களோடு ஊர் சுற்றப் போகிறாள். பதினெட்டு மாதம். பிறகு செத்துப்போகிறாள். வாரிசுகளுக்குப் பெரிதாக ஒன்றும் மிஞ்சவில்லை. மகளாக, மனைவியாக, தாயாக ஒரு நீண்ட வாழ்வு; வெறும் தானாக ஒரு குறுகிய வாழ்வு; இரண்டையுமே அவள் வாழ்ந்து முடித்தாள் என்ற கணக்கோடு கதை முடிகிறது.

இந்த வேஷத்தில் ஸில்வி செய்தது என்ன? ஒன்றுமே செய்யாததுபோல இருக்கிறார் என்பதுதான் பதில். ‘நான் விடுதலை அடைந்துவிட்டேன்’ என்று பறைசாற்றும் கிழவியாக அவளை நடித்திருந்தால் இரண்டாவது காட்சியிலேயே நமக்கு அலுத்திருக்கும். பெர்த்தினி அம்மாள் யாரையும் எதிர்க்கவில்லை, பிள்ளைகளைத் திட்டவில்லை, விளக்கம் சொல்லவில்லை. பார்க்கிறாள், கேட்கிறாள், கொஞ்சம் புன்னகை செய்கிறாள். அவ்வளவு காலம் மற்றவர்களைக் கவனிப்பதற்காகவே பயன்பட்ட கண்கள், இப்போது தன் சொந்த ஆசைக்காகப் பார்க்கின்றன. ராக்கேன் அம்மாளின் நாற்காலியில் இருந்த அதே பார்வை எழுந்து தெருவில் நடக்கிறது.

படம் அட்லாண்டிக்கைக் கடந்து 1966-இல் அமெரிக்காவில் ஓடிற்று. அந்த வருஷம்தான் அமெரிக்க விமர்சகர்கள் சிலர் தேசியத் திரைப்பட விமர்சகர் சங்கம் என்று ஒன்றை ஆரம்பித்திருந்தார்கள். சங்கத்தின் முதல் பரிசுகளில், அவ்வருஷத்தின் சிறந்த நடிகை என்று அவர்கள் தேர்ந்தெடுத்தது ஸில்வியை. சிறந்த நடிகர் மைக்கேல் கெய்ன். அவருக்கு முப்பத்து மூன்று வயது. ஸில்விக்கு அரை நூற்றாண்டு கூட.

‘எண்பது வயதுக்கு மேல் கண்டுபிடிக்கப்பட்டார்’ என்று இதைச் சொல்ல யாருக்கும் ஆசை வரும். இங்கேதான் எனக்கு ஒரு தடை. கண்டுபிடிப்பதற்கு அவர் எங்கே ஒளிந்திருந்தார்? ப்ரெஸ்ஸோனின் மடத்தில் இருந்தார்; க்ளூஸோவின் தெருவில் நடந்தார்; கார்னேயின் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். எத்தனையோ கொட்டகைகளில் எத்தனையோ ஆயிரம் பேர் அவரைப் பார்த்தார்கள். பார்த்துக்கொண்டே பார்க்காமல் இருந்தார்கள். பெர்த்தினி அம்மாளின் பிள்ளைகளும் அப்படித்தான். அறுபது வருஷம் அந்த வீட்டில் சமைத்துக்கொண்டிருந்தவள் யார் என்பதை, அவள் சமைப்பதை நிறுத்தின பிறகுதான் யோசிக்கிறார்கள். அப்போதும் அவர்களுக்குத் தோன்றியது, ‘அம்மா மாறிவிட்டாள்’ என்பதே தவிர, ‘அம்மாவை நாம் அறிந்திருக்கவில்லை’ என்பது அல்ல.

இன்னொரு விஷயம். அந்தப் பதினெட்டு மாதமே உண்மையான வாழ்வு, முந்தியதெல்லாம் வீண் என்று படத்தைப் புரிந்துகொள்கிறவர்களும் உண்டு. கதை அப்படிச் சொல்லவில்லை என்றே நினைக்கிறேன். இரண்டு வாழ்வையும் அது ஒரே கணக்கில்தான் எழுதுகிறது. ஸில்வியின் விஷயத்தில் இது இன்னும் நிச்சயம். கடைசி வேஷத்தில் அவர் காட்டின நிதானம் வானத்திலிருந்து விழவில்லை. நாற்பது படங்களில் அரை நிமிஷம், ஒரு நிமிஷமாகச் சேர்த்துவைத்த சம்பாத்தியம் அது. பெர்த்தினி அம்மாள் தன் சாமான்களை விற்றுக் கார் வாங்கியதைப்போல, ஸில்வி தாம் சேர்த்த அத்தனையையும் அந்த ஒரு படத்தில் செலவழித்தார். கப்ரிஸாத்துக்கு இல்லாதது இதுதான். அவரிடம் விற்கச் சாமான் இல்லை.

அதே 1965-ஆம் வருஷம் மார்ச் மாதத்தில் பிரெஞ்சு டெலிவிஷனில் ‘பெல்ஃபெகோர்’ என்ற மர்மத் தொடர் ஓடி நாட்டையே உலுக்கிற்று. லூவ்ர் பொருட்காட்சிசாலையில் உலவும் முகமூடிப் பேயின் கதை. அதில் லேடி ஹாட்வின் என்ற கிழச் சீமாட்டியாக ஸில்வி வந்தார். கதாநாயகியாகப் பிரான்ஸ் கொண்டாடிய வருஷத்திலேயே பழையபடி ஒரு துணை வேஷம். அவருக்கு அது இறக்கமாகத் தோன்றியிராது என்றே ஊகிக்க வேண்டும். தூணாக நின்று பழகியவருக்கு மண்டபத்தின் நடுவும் ஓரமும் ஒன்றுதான்.

1970 ஜனவரி 5-ஆம் தேதி, எண்பத்தேழாவது பிறந்தநாள் கழிந்து இரண்டாம் நாள், கொம்பியேன் என்ற ஊரில் ஸில்வி காலமானார். பழைய பிரெஞ்சுப் படங்களைத் தேடிப் பார்க்கும் பழக்கம் உள்ளவர்கள் ‘அண்டங்காக்கை’யைப் பார்க்க நேர்ந்தால், கதாநாயகனையும் கதாநாயகியையும் பற்றிய கவலையைச் சற்று ஒதுக்கி வைத்துவிட்டு, ஆஸ்பத்திரிக் கட்டிலில் படுத்திருக்கும் பையனைப் பார்க்க வரும் அந்தத் தாயை முதலிலிருந்தே கவனிக்க வேண்டும். அவள் போகும்போது முதுகுதான் தெரியும். வரும்போது முகம் தெரிகிறது.